உள்ள போவல, மேலதான் கீது

எங்க மாமா சொன்ன ஒரே ஒரு வரி ரொம்ப மாசமா மனசுக்குள்ள ஓடிக்கிட்டே இருக்கு, எழுதினாத்தான் அடங்கும்னு தோணுது. மாமான்னா அம்மாவோட தம்பி. ராணிப்பேட்டையில வாஷ்பேசின், கமோட் செய்ற பாரிவேர் ஃபேக்டரியில கிளேஸ், அதாவது பீங்கான் மேல வர்ற கண்ணாடிப் பூச்சு, அடிக்கிற செக்‌ஷன்ல வேலை பாத்து ரிட்டயர் ஆனவரு. நான் வீட்லயே பீங்கான் மக்ல வினைல் ஸ்டிக்கர் ஷீட்டை வெட்டி பேர் ஒட்டிக் குடுக்குறேன்னு அவருக்குத் தெரியும், ஆனா கையில எடுத்துப் பாத்ததில்ல. சத்துவாச்சாரிக்கு எங்க வீட்டுக்கு வந்த ஒரு ஞாயித்துக்கிழமை, ஹால் டேபிள் மேல வெச்சிருந்த மக் ஒண்ணை எடுத்தாரு. பேரைப் படிக்கல, கலரைப் பாக்கல. கவுத்துப் பிடிச்சு அடியில கிளேஸ் எங்க வந்து நிக்குதுன்னு பாத்தாரு, காது ஒட்டுற இடத்தை விரல் நுனியால தடவுனாரு, அப்புறம் கட்டைவிரல் நகத்தை எழுத்தோட ஓரத்துல மெதுவா இழுத்தாரு. நகம் தட்டுச்சு. "நல்லாத்தான் கீது பாப்பா. ஆனா மேல ஒக்காந்துனு கீது. உள்ள போவல." அவ்ளோதான். மக்கை வெச்சுட்டு காபி குடிக்க உள்ள போயிட்டாரு.

அவரு என்னை மட்டம் தட்டல, அது எனக்கு நல்லாவே தெரியும். அக்கம்பக்கத்துல "ரேடியம் ஸ்டிக்கர்தானே, பைக் நம்பர் பிளேட்ல ஒட்டுறது" அப்படின்னு சொல்றவங்க உண்டு, அதை நான் காதுல போட்டுக்கறதில்ல. மாமா சொன்னது வேற. வாழ்க்கை பூரா பீங்கானையே தொட்டுக்கிட்டு இருந்த ஒரு ஆளு, தொழில் கண்ணோட பாத்துட்டு சொன்ன தீர்ப்பு. அதனாலதான் தள்ளவும் முடியல, முழுங்கவும் முடியல.

அவரு பக்கம் நின்னு யோசிச்சுப் பாருங்க. வாஷ்பேசின், கமோட் எல்லாம் 1200 டிகிரி கிட்ட சுட்டு எடுக்குற சாமான். சுடாம பச்சையா இருக்குறப்போ மேல அடிக்கிற கிளேஸ் வெறும் கலங்கல் தண்ணி, காஞ்சா பொடி, விரல் பட்டா உதிரும். சூளைக்குள்ள போயி உருகி களிமண்ணோட ஒண்ணா கலந்து கண்ணாடியா மாறித்தான் வெளிய வருது. அதுல கம்பெனி முத்திரை இருக்கும் பாருங்க, நீல எழுத்துல, அதுவும் சேர்ந்தே சுடுறது. வீடு இடிஞ்சு பேசின் குப்பைக்குப் போனாலும் அந்த எழுத்து போகாது. நான் ஒட்டுற வினைல் பி.வி.சி. ஷீட்டு, கனம் 0.06 மில்லிமீட்டர் இருக்கும், அடியில பசை. சூடு காட்டாம, ஒரு கார்டால தேய்ச்சு ஒட்டுறேன். மாமா நகத்துக்குத் தட்டுனது அந்த 0.06 மில்லிமீட்டர்தான். அவரு சொன்னதுல ஒரு எழுத்து தப்பில்ல.

பாத்திரத்துல பேரு

இதுல அம்மாவும் மாமா கட்சிதான். எங்க வீட்டு சமையல்கட்டுல பேர் இல்லாத எவர்சில்வர் பாத்திரம் தேடுனாலும் கிடைக்காது. குடம், தூக்கு, அடுக்கு, டம்ளர் எல்லாத்துலயும் பேர் வெட்டியிருக்கும். லாங்கு பஜார் பக்கம் பாத்திரக் கடையில வாங்குனா பில்லு போட்டதும் "பேர் இன்னா போடணும்மா" அப்படின்னு கேட்டு, கரண்ட் பேனா வெச்சு கிர்ர்ருனு அங்கயே நின்னு வெட்டிக் குடுத்துடுவாரு. அதுக்கு முந்தின காலத்துப் பித்தளை அண்டாவுல உளியும் சுத்தியும் வெச்சு புள்ளி புள்ளியா குத்தியிருப்பாங்க, இருட்டுல தடவுனாக்கூட யாரு பாத்திரம்னு சொல்லிடலாம். கல்யாண வீட்டுக்கு, காரிய வீட்டுக்குன்னு தெருவுல பாத்திரம் கைமாறிக்கிட்டே இருக்கும், பேர் இருந்தாத்தான் திரும்பி வரும். மொய்க்கு வர்ற குத்துவிளக்குல "அன்பளிப்பு"ன்னு போட்டு தேதியோட இருக்கும், குடுத்தவரு போய்ச் சேர்ந்து வருஷக்கணக்கு ஆகியும் தேதி அப்படியே நிக்கும். எங்க ஆயாவோட தூக்குல அவங்க பேரு இன்னும் பளிச்சுன்னு இருக்கு, அந்தத் தூக்குலதான் இன்னைக்கும் தயிர் தோய்க்கிறோம்.

ஆக நம்ம ஊர்ல சாமான்ல பேர் போடுறதுன்னா அது போகக் கூடாத பேரு. மாமா நெருப்புல சுட்டுப் பழக்கப்பட்டவரு, அம்மா இரும்பால வெட்டிப் பாத்தவங்க, நடுவுல நான் பசையால ஒட்டிக்கிட்டு நிக்கிறேன். இந்த நெனப்புதான் அரிச்சுக்கிட்டே இருந்துச்சு. ராத்திரி வேலை செய்யுறப்போ, எழுத்தை எடுத்து மக் மேல வெக்கிற அந்த நேரத்துல கரெக்டா மாமா நகம் ஞாபகத்துக்கு வரும்.

தமிழ் எழுத்தை வெட்டுறது

நான் செய்றது என்னன்னு கொஞ்சம் சொல்லணும், ஏன்னா இதைப் பத்தி தமிழ்ல யாரும் சரியா எழுதி நான் பாத்ததில்ல. நான் பாத்த வீடியோ எல்லாம் இங்கிலீஷ் எழுத்துக்குத்தான். இங்கிலீஷ்ல சேர்த்து எழுதுற ஃபான்ட்ல ஒரு பேர் போட்டா முழுப் பேரும் ஒரே துண்டா வரும், தூக்கி ஒட்டிட்டுப் போயிடலாம். தமிழ் அப்படி இல்ல. ஒரு சின்னப் பேருல ரெண்டு மெய்யெழுத்து இருந்தா ரெண்டு புள்ளி, அது தனித்தனி துண்டு. கொம்பு தனி, கால் தனி, எழுத்து தனி. சில டிசைன் சாஃப்ட்வேர்ல நேரா தமிழ் டைப் பண்ணா கொம்பு ஒரு பக்கம் எழுத்து ஒரு பக்கம்னு ஓடிடும், அதனால நான் இங்க்ஸ்கேப்னு ஒரு வரையிற சாஃப்ட்வேர்ல அடிச்சு, எழுத்தைப் பாத்-ஆ, அதாவது வெறும் கோட்டு வடிவமா மாத்தி, ஒண்ணு மேல ஒண்ணு ஏறுற இடத்தை எல்லாம் யூனியன்ங்கிற கட்டளை குடுத்து ஒண்ணா சேர்த்துட்டுத்தான் வெட்டுற மெஷினுக்கு அனுப்புவேன். சேர்க்காம விட்டா கத்தி ரெண்டு தடவை அதே இடத்துல ஓடி எழுத்துக்கு நடுவுல கீறல் விழும்.

அப்புறம் வீடிங், அதாவது வெட்டினதுக்கு அப்புறம் வேண்டாத வினைலைக் கொக்கி ஊசியால உரிச்சு எடுக்கிறது. தமிழ்ல இதுதான் உயிர் போற வேலை. எழுத்து 1 சென்டிமீட்டர் உயரம்னா புள்ளி 1.5 மில்லிமீட்டர் வரும், சுத்தி இருக்கிற வினைலைத் தூக்குறப்போ புள்ளியும் கூடவே தூக்கிக்கிட்டு வந்துடும். புள்ளி போனா பேரே மாறிடும், இதை இங்கிலீஷ்ல செய்றவங்களுக்குச் சொல்லிப் புரிய வைக்க முடியாது. நான் புள்ளியை மட்டும் ஃபான்ட்ல இருக்கிறத விட கொஞ்சம் பெருசாக்கிடுவேன், எழுத்துக்குக் கொஞ்சம் கிட்டயும் இறக்கிடுவேன். உரிக்கிறப்போ மேல்பக்கமா தூக்காம, வினைலை நல்லா மடிச்சு ஷீட்டோட ஒட்டுனாப்புல பின்னாடி இழுக்கணும், புள்ளி வர்ற இடத்துல நிறுத்தி ஊசி நுனியால அமுக்கிப் பிடிச்சுக்கணும். ழ, ண, ஞ எல்லாம் உள்ள சுழி இருக்கும், அந்தச் சுழிக்குள்ள இருக்கிற துண்டை எடுக்க ட்வீசர்தான். மெல்லிசு ஃபான்ட் வேணும்னு கேக்குறவங்ககிட்ட நான் தயவுதாட்சண்யம் இல்லாம மாட்டேன்னு சொல்லிடுவேன். ஒரு மில்லிமீட்டருக்குக் கீழ போன கோடு நாலு தடவை கழுவுறதுக்குள்ள ஓரம் தூக்கும்.

கையெழுத்துல வேணும்னு கேக்குறவங்கதான் எனக்கு ரொம்பப் பிடிச்சவங்க. அப்பா கையெழுத்து, குழந்தை மொதமொதல்ல எழுதின பேரு, இதெல்லாம் போட்டோ எடுத்து அனுப்புவாங்க. ரூல் போட்ட நோட்டுல பால் பாயின்ட் பேனாவால எழுதினது, கோடும் எழுத்தும் ஒண்ணா வரும். அதைக் கறுப்பு வெள்ளையா மாத்தி, ட்ரேஸ் பண்ணி, ரூல் கோட்டையெல்லாம் அழிச்சு, கோட்டைக் கொஞ்சம் தடிமன் ஆக்கணும். தடிமன் ஆக்குறப்போ கையோட சாயல் போகாம பாத்துக்கணும், அதுலதான் நேரம் போகும். சில பேரு 'கு'வுக்கு கீழ சுழியை ஒரு இழு இழுத்து விடுவாங்க, சில பேரு புள்ளியை வட்டமா வைக்காம ஒரு சின்னக் கோடா கிழிப்பாங்க. அதை நான் திருத்தறதே இல்ல. அந்தக் கோட்டுல இருக்கிறதுதான் அந்த ஆளு.

மக் நமக்கு பெரும்பாலும் உத்தரப் பிரதேசத்து குர்ஜாவுலேர்ந்து வர்ற சரக்கு. 325 மில்லி பிடிக்கிறது, நேர் சுவரா இருக்கணும். கீழ ஒடுங்கி மேல விரியிற மக்ல நேர்கோட்டுல எழுத்து ஒட்டுனா பேரு வில்லா வளைஞ்சிடும், அதுக்கு டிரான்ஸ்ஃபர் டேப்ல, அதாவது வெட்டின எழுத்தைத் தூக்கி மக் மேல வெக்கிற டேப்ல, அங்கங்க கத்தரிச்சு விட்டு உக்கார வைக்கணும். ஒட்டுறதுக்கு முன்ன சோப்பு போட்டுக் கழுவி, நல்லா காய வெச்சு, ஐசோப்ரொபைல் ஆல்கஹால் தொட்டுத் துடைச்சு, அதுக்கப்புறம் விரல் படவே கூடாது. கையில இருக்கிற எண்ணெய்ப்பசை போதும், பசை கிளேஸைப் பிடிக்காம எண்ணெயைப் பிடிச்சுக்கும். எங்க ஊரு வெயில் வேற. அக்னி நட்சத்திரத்துல மதியம் வேலையே செய்ய மாட்டேன், ஷீட்டு சுருண்டுக்கும், டிரான்ஸ்ஃபர் டேப் சூட்டுல அளவுக்கு மேல ஒட்டி எழுத்தை விடவே விடாது. விடிய நாலரைக்கு எந்திரிச்சு ஒட்டிடுவேன். ஒட்டின பிறகு 72 மணி நேரம் தண்ணி காட்டக் கூடாது, பசை கொஞ்சம் கொஞ்சமா பரவி முழுசா பிடிக்க அவ்ளோ நேரம் வேணும். இதை அவசரப்படுத்துறவங்களுக்கு நான் ஆர்டர் எடுக்கறதில்ல, நாளைக்கு ஃபேர்வெல்லுன்னு இன்னைக்கு சாயங்காலம் போன் பண்ற காலேஜ் பசங்க கோச்சுக்கிறாங்க, கோச்சுக்கட்டும்.

இன்னொண்ணு, விளிம்புலேர்ந்து ரெண்டு சென்டிமீட்டருக்குள்ள எதையும் ஒட்ட மாட்டேன். வினைல் வாயில படுறதுக்காக செஞ்ச பொருள் இல்ல. பீங்கான் கப்புல ஈயம், காட்மியம் இருக்கான்னு சோதிக்கிறப்போகூட மேல 20 மில்லிமீட்டரைத்தான் உதடு படுற இடம்னு தனியா எடுத்துப் பாப்பாங்க. நானும் அந்தக் கணக்கையே வெச்சுக்கிட்டேன். மக் உள்பக்கம் எழுத்து வேணும், குடிச்சு முடிச்சா தெரியணும்னு கேட்டா, முடியாதுன்னு ஒரே வார்த்தை.

எத்தனை நாள் நிக்கும்?

எல்லாரும் கேக்குற கேள்வி இது. நியாயமான கேள்வி, காசு குடுக்கிறாங்க. வினைல் ரோல் மேல பெர்மனென்ட்னு போட்டிருக்கும். 651 நம்பர்ல வர்ற ஓரகல் ஷீட்டு போர்டுலயும் வண்டியிலயும் ஒட்டுறதுக்கு செஞ்சது, வெயில்ல மழையில வருஷக்கணக்கா நிக்கும், அது உண்மைதான். ஆனா போர்டை யாரும் தினம் ரெண்டு வேளை சபீனா போட்டுத் தேய்க்கிறதில்ல. சிங்க்ல இன்னொரு பாத்திரத்தோட ராத்திரி பூரா ஊற வைக்கிறதும் இல்ல. பசைக்கு எமன் சூடும் தண்ணியும் சேர்ந்து வர்றதுதான். கொதிக்கக் கொதிக்க டீ ஊத்துறப்போ சுவர் சூடாகி பசை இளகும், அந்த நேரம் ஓரத்துல தண்ணி ஏறுனா அங்கதான் தூக்க ஆரம்பிக்கும். அதனால என்கிட்ட வாங்குறவங்களுக்கு நான் சொல்றது இதுதான்: மெத்துனு இருக்கிற ஸ்பாஞ்சுல கையால கழுவுங்க, ஊற வைக்காதீங்க, மைக்ரோவேவ்ல, டிஷ்வாஷர்ல போடாதீங்க, அப்படி வெச்சுக்கிட்டா வருஷக்கணக்குல இருக்கும், ஆயுசுக்கும் இருக்கும்னு நான் சொல்ல மாட்டேன். இப்படிச் சொன்னதும் சில பேரு வேற இடம் போயிடுறாங்க. லைஃப்டைம் கேரன்டின்னு எழுதி விக்கிறவங்க இருக்காங்க, அது பொய். பொய்யை நான் விக்க மாட்டேன்.

மேல ஒரு கோட்டிங் அடிச்சா நிக்குமேன்னு கேப்பாங்க. டிஷ்வாஷர் சேஃப்னு மாட் பாட்ஜ்ங்கிற ஒரு பூச்சு வருது, பூசிட்டு 28 நாள் காய வைக்கணும். எபாக்ஸி பிசின் ஊத்துறவங்களும் இருக்காங்க. எனக்கு ரெண்டுமே ஒப்பல. கிளேஸ்னு ஒரு சுத்தமான பரப்பு இருக்கு, எலுமிச்சை, காபி, மஞ்சள் எதுவும் பிடிக்காத பரப்பு, அது மேல இன்னொரு பிளாஸ்டிக்கைப் பூசி, அது மஞ்சளாகி, உரிஞ்சு வர்றதுக்கு, எழுத்தை எழுத்தா விட்டுடலாம். சப்ளிமேஷன் பிரின்ட் மக், அதாவது சூடு குடுத்து மையை ஏத்துற மக், அதைப் பத்தியும் கேக்குறாங்க. போட்டோ வேணும்னா தாராளமா அங்க போங்க, நல்லாவே நிக்கும், மை பாலியஸ்டர் கோட்டிங்குக்குள்ள ஏறிடுது. ஆனா அதுவும் கோட்டிங்குக்குள்ளதான், மாமா சொல்ற "உள்ள" அது இல்ல.

இப்படியெல்லாம் பதில் வெச்சிருந்தும் மனசுல ஒரு ஓரத்துல மாமா ஜெயிச்சுக்கிட்டேதான் இருந்தாரு. நிக்காத ஒண்ணை, நிக்கிற ஒண்ணு மேல ஒட்டி விக்கிறோமேன்னு ஒரு குறை.

இனிஷியல்

காட்பாடி பக்கத்துலேர்ந்து ஒரு அக்கா வந்தாங்க. முன்னாடி என்கிட்ட வாங்கினவங்கதான், அவங்க பேரு போட்ட மக். துணிப்பைக்குள்ள பேப்பர்ல சுத்திக் கொண்டாந்திருந்தாங்க. பிரிச்சுப் பாத்தா எழுத்து எல்லாம் ஒழுங்காத்தான் இருக்கு, ஓரம்கூட தூக்கல. பேருல ஏதாச்சும் பிழையான்னு கேட்டேன். இல்லம்மா, பேரு சரிதான், முன்னாடி இருக்கிற எழுத்தை மட்டும் எடுத்துட்டு வேற வைக்க முடியுமான்னு கேட்டாங்க. இனிஷியல் 'ர' போட்டிருந்துச்சு. 'மு' வேணும்.

எனக்கு உடனே புரியல. அவங்களே சொன்னாங்க. "அப்பா இனிஷியலுக்கே போறேன்மா. கெஜட்டு, ஆதாரு, பேங்க்குன்னு வரிசையா இருக்கு, அதெல்லாம் எப்ப முடியுமோ. காலையில எந்திரிச்சா இதுலதான் டீ குடிக்கிறேன், இதை மொதல்ல மாத்திடலாம்னு." அழல, குரல் கூட மாறல, மாவு மில்லுல சொல்ற மாதிரிதான் சொன்னாங்க. நானும் மேல ஒண்ணும் கேக்கல.

ஹேர் டிரையரை மிதமான சூட்டுல வெச்சு அந்த ஒரு எழுத்து மேல மட்டும் காட்டுனேன், பக்கத்து எழுத்துக்கு ஈரத்துணியை மடிச்சு அணை குடுத்து. பசை இளகுற நேரம் கைக்குத் தெரியும். ர-வோட இடது கால் நுனியில ஊசியை நுழைச்சு, எழுத்தை மடக்கி, மக்கோட சுவரை ஒட்டியே பின்னாடி இழுத்தேன். அறுந்துக்காம முழுசா வந்துச்சு. அதுக்கடுத்து இருந்த புள்ளி. அதைத் தனியா நகத்தால தள்ளினேன். கொஞ்சம் பசை மிச்சம் இருந்துச்சு, நீலகிரித் தைலம் ரெண்டு சொட்டு பஞ்சுல தொட்டு வெச்சு, சோப்புத் தண்ணியால துடைச்சு, அப்புறம் ஆல்கஹால். அந்த அக்கா மக்கை வாங்கி ஜன்னல் வெளிச்சத்துல சாச்சுப் பாத்தாங்க. எழுத்து இருந்த இடத்தை விரலால தடவினாங்க, திரும்பவும் தடவினாங்க. ஒண்ணுமே இல்ல. கீறல் இல்ல, நிழல் இல்ல, புது மக்ல எப்படி இருக்குமோ அப்படியே வெள்ளை. "இங்க எழுத்து இருந்துச்சுன்னே தெரியலையே" அப்படின்னு சொன்னப்போதான் அவங்க முகத்துல ஏதோ ஒண்ணு லேசாச்சு.

அதே ரோல்ல இருந்து 'மு' வெட்டி, புள்ளியோட வெச்சேன். வெச்சதுக்கு அப்புறம் பாத்தா பழைய எழுத்தெல்லாம் கழுவிக் கழுவி பளபளப்பு கொஞ்சம் மங்கியிருக்கு, புது 'மு' மட்டும் தனியா மின்னுது. முழுப் பேரையும் புதுசா மாத்தித் தரட்டுமாக்கா, காசு வேணாம்னேன். வேணாம், பேரு என் பேருதானே, அது இருக்கட்டும்னு சொல்லிட்டாங்க. மூணு நாள் தண்ணி காட்டாதீங்கன்னு சொன்னதுக்கு, "மூணு நாள்தானே, டம்ளர்ல குடிச்சுக்கறேன், எங்கம்மா வீட்டுப் பாத்திரத்துல பழைய இனிஷியலே வெட்டியிருக்கு, அதைத்தான் இப்ப எடுத்துப் புழங்கறேன்" அப்படின்னாங்க.

அவங்க போன பிறகு ரொம்ப நேரம் நான் வேற வேலை பாக்கல. அவங்க வீட்டுல கல்யாணத்துக்கு அப்புறம் வாங்கின பாத்திரமும் இருக்கும்தானே, அதுல 'ர' வெட்டியிருக்கும்தானே. அதை என்ன செய்ய முடியும்? தேய்ச்சா பாத்திரம் பாழாகும், விட்டா தினம் கண்ணுல படும். பேர் போகக் கூடாதுன்னு நாம வெட்டுறோம், ஆனா நம்ம ஊர்ப் பொம்பளைங்க பேருல முன்னாடி நிக்கிற அந்த ஒரு எழுத்து மட்டும் அவங்களைக் கேக்காமயே ஒரு நாள்ல மாறுது. ஸ்கூல் சர்டிஃபிகேட்ல ஒண்ணு, ரேஷன் கார்டுல ஒண்ணு. மாறுற எழுத்தை மாறாத மாதிரி வெட்டி வெச்சது யாரு வசதிக்கு? மாமா குறைன்னு சொன்ன அதே விஷயம், மேல உக்காந்திருக்கு, உள்ள போகல, அதனாலதான் அன்னைக்கு அந்த அக்கா கையில மக் முழுசா திரும்பிப் போச்சு. வினைல் பத்தி எனக்கு இருந்த குறை அன்னையோட போச்சு. எல்லாப் பேரும் உள்ள போயே தீரணும்னு இல்ல.

ராணிப்பேட்டைக்குப் போனப்போ மாமாகிட்ட இதைச் சொன்னேன். யாரு என்னன்னு சொல்லாம, ஒரு எழுத்தை எடுத்து வேற வெச்சேன்னு மட்டும். அவரு கேட்டது ஒரே கேள்வி. "எடுத்த எடத்துல கிளேஸ் கெட்டுச்சா?" இல்ல மாமா, அப்படியே இருந்துச்சுன்னேன். "அப்ப நல்ல கிளேஸ்" அப்படின்னாரு. அவரு அவரு தொழில்லயேதான் நிக்கிறாரு, அது எனக்குப் பிடிச்சிருந்துச்சு. அப்புறம் உக்காந்து பேசுறப்போ, சுட்ட சாமான் மேலயே திரும்ப எழுத்தைச் சுட்டு ஏத்துற வழி ஒண்ணு இருக்கு பாப்பான்னு டெகல் பத்திச் சொன்னாரு. பீங்கான் சாயத்துல பேப்பர்ல அச்சடிச்சு, தண்ணியில போட்டா படலம் தனியா வழுக்கிக்கிட்டு வரும், அதைக் கிளேஸ் மேல ஒட்டி, தண்ணியை நல்லா ஒத்தி எடுத்துட்டு, 800 டிகிரி கிட்ட இன்னொரு தடவை சுடுறது. படலம் எரிஞ்சு போயிடும், சாயம் மட்டும் கிளேஸ் இளகுற நேரம் அதோட சேர்ந்துக்கும். நகத்தால இழுத்தா உரியாது.

இப்ப வந்திருக்கிற ஒரு ஆர்டர்

இதை இப்ப எழுத இன்னொரு காரணமும் இருக்கு. குடியாத்தத்துலேர்ந்து ஒரு தம்பி அவங்க ஆயா எழுதின மளிகை லிஸ்டை அனுப்பியிருக்காரு. ஆயா இப்ப இல்ல. "து. பருப்பு 1 கிலோ, பொட்டுக்கடலை, வெல்லம்" அப்படின்னு காலண்டர் தாள் பின்னாடி எழுதினது, கடைசியில ஒரு கையெழுத்து. லிஸ்டுக்கு ஏன் கையெழுத்து போட்டாங்கன்னு தெரியல, ஆனா போட்டிருக்காங்க, அழுத்தி, ஒவ்வொரு எழுத்தா. அந்தக் கையெழுத்து மக்ல வேணும்னு கேக்குறாரு. ட்ரேஸ் பண்ணி வெச்சுட்டேன். வெட்டல. இதுக்கு வினைல் வேணாம் தம்பின்னு சொல்லிட்டேன். இனிமே மாறப்போற பேரு இல்ல இது, இன்னொரு தடவை எழுதி வாங்கவும் முடியாது, ஓரம் தூக்கி ஒரு புள்ளி சிங்க்ல போச்சுன்னு அவரு போன் பண்ற நிலைமை வரவே கூடாது. செலவு கூட ஆகும், நாள் ஆகும்னு சொன்னேன், பரவாயில்லக்கா காத்திருக்கேன்னாரு.

டெகல் அச்சடிச்சுத் தர ஆள் பிடிச்சிடலாம்னு நம்பிக்கை இருக்கு. சுடுறதுதான் சிக்கல். பெரிய சூளைக்காரங்க ஒத்தை மக்குக்காகத் திறக்க மாட்டாங்க, அவங்க பக்கம் நியாயமும் இருக்கு. வேலூர், ராணிப்பேட்டை, கரிகிரி பக்கம் யாராச்சும் சின்ன எலக்ட்ரிக் சூளை வெச்சு பீங்கானோ மண்பாண்டமோ செய்றவங்க இருந்தா, உங்க சரக்கு சுடுறப்போ ஓரத்துல ஒரு மக்குக்கு இடம் குடுப்பீங்களான்னு கீழ கமென்ட்ல சொல்லுங்க. 800 டிகிரி வரைக்கும் மெதுவா ஏத்தி மெதுவா இறக்கணும், படலம் எரியிறப்போ புகை போக ஆரம்பத்துல மூடியைக் கொஞ்சம் திறந்து வைக்கணும். மக்கு நானே கொண்டாந்து தர்றேன். பிரின்ட் கடையில விக்கிற பாலியஸ்டர் கோட்டிங் மக் இல்ல, அது சூளையில எரிஞ்சு நாறிடும். கோட்டிங் இல்லாத வெள்ளை மக்தான், மாமாவை விட்டு கிளேஸ் பாத்து வாங்கி வெச்சிருக்கேன்.